முருகைக்கல், கண்டல், காணி: எல்லைக்கல் நட்டுவிட்டால் போதுமா?

நிலாவெளி நெய்தல் | திங்கள், இரவு 8.15

நேற்று என் மகளை முதன்முறையாக, நிலாவெளிக் கரைக்கு எதிரே உள்ள புறாமலைத் தீவுக்கு அழைத்துப் போனேன். ஒன்பது வயது. மூன்று மாதமாக நச்சரித்துக்கொண்டிருந்தாள். என் விரலைப் பிடித்தபடி நீருக்குள் முகத்தை வைத்தவள் ஐந்து நிமிடம் ஆவதற்குள் தலையைத் தூக்கி, "அப்பா, அந்த மாமா பூவுக்கு மேலே நிற்கிறார்" என்றாள்.

திரும்பிப் பார்த்தேன். செம்மஞ்சள் மிதவைச் சட்டை போட்ட ஒருவர் இடுப்பளவு நீரில் ஒரு முருகைக்கல்லின், அதாவது பவளப்பாறையின், மேல் இரண்டு காலையும் ஊன்றி நின்று படம் எடுத்துக்கொண்டிருந்தார். மான்கொம்பு போலக் கிளைத்த முருகை. நான் தலையை நீருக்குள் அமிழ்த்திய நேரம் ஒரு கிளை முறிந்தது. காய்ந்த சுள்ளி ஒடிவது போன்ற அந்தச் சத்தம் நீருக்குள் துல்லியமாகக் கேட்டது. கிட்டப் போய்ச் சொன்னேன். அவர் கோபப்படவில்லை. பதறிப்போய் இறங்கினார். "கல் என்றல்லவா நினைத்தேன்!" என்றார்.

இரவு முழுவதும் அந்தச் சொல்தான் காதில் நின்றது. நாமும் தலைமுறை தலைமுறையாக அதை முருகைக்கல் என்றுதான் சொல்லி வருகிறோம். கல் என்று பெயர் வைத்த பிறகு, மிதிக்காதே என்று யாரிடம் சொல்வது? அது உயிர். உருண்டையாகத் திரண்டு வளரும் வகை ஒரு வருடத்தில் ஒரு சென்ரிமீற்றர் வளர்ந்தாலே அதிகம். என் மகளின் உயரத்துக்கு ஒன்று நிற்கிறது என்றால், அது முளைவிட்ட காலத்தில் என் பாட்டனும் பிறந்திருக்கமாட்டார்.

புறாமலை 1963 இல் சரணாலயமாக்கப்பட்டது. 2003 இல் தேசிய பூங்காவாக உயர்த்தப்பட்டது. இரண்டு தீவுகளும் சுற்றியுள்ள கடலும் சேர்த்து ஏறக்குறைய 471 ஹெக்டேயர். நூறளவு முருகை இனங்களும் முந்நூறளவு மீன் இனங்களும் நம் திருகோணமலைக் கடலில் பதிவாகியிருக்கின்றன. இவ்வளவு பெயரும் பட்டமும் கொடுத்த பிறகும் காலால் மிதித்து உடைக்கிறோம் என்றால், சில வருடங்களுக்குத் தீவையே மூடிவிடுவதுதான் வழி என்று எனக்குப் படுகிறது. உங்கள் கருத்து என்ன? கோபத்தில் எழுதுகிறேன் என்றால் மன்னியுங்கள். ஆனால் யோசித்துத்தான் எழுதுகிறேன்.

படகுக்காரன் மகன் | திங்கள், இரவு 9.02

நெய்தல் அண்ணா, உங்கள் கோபம் நியாயமானது. உங்கள் முடிவு நியாயமானதல்ல.

என் தகப்பனார் காலத்திலிருந்து நாங்கள் புறாமலைக்குப் படகு விடுகிறோம். கரையிலிருந்து ஒரு கிலோமீற்றர்தான். சித்திரை கழிந்து கடல் அடங்கினால் புரட்டாதி வரைக்கும் ஓட்டம். பிறகு வாடைக்காற்று எழும்பிவிடும், படகைக் கரையில் ஏற்றிவிடுவோம். அந்த ஐந்தாறு மாத வருமானத்தில்தான் வீட்டில் பன்னிரண்டு மாதமும் அடுப்பு எரிகிறது.

மூடியிருந்த காலத்தையும் நாங்கள் பார்த்தோம். போர்க்காலத்தில் அங்கே சுற்றுலாப் பயணிகள் பெரும்பாலும் போகவில்லை. அதனால் முருகை செழித்தது என்று இப்போது சிலர் சொல்கிறார்கள். அதே காலத்தில்தான் இந்தக் கடலில் வெடி போட்டு மீன் பிடித்தார்கள் என்பதை ஏன் மறக்கிறார்கள்? ஆள் நடமாட்டம் இல்லாத இடம் கள்ளனுக்குத்தான் வசதி. வெடி வைக்கிறவன் ஒரு நாளில் அழிப்பதை ஆயிரம் பயணிகளின் கால்கள் ஒரு பருவத்தில் அழிக்கமாட்டா. பகலில் இருபது படகு நிற்கும் இடத்தில் எவனும் வெடி போடத் துணியமாட்டான்.

இன்னொன்று. தகப்பனார் சொல்வார், 1970களில் முட்கிரீட நட்சத்திரமீன் பெருகி வந்து முருகையை மொட்டையாக்கிப் போட்டதாம். அதை முதலில் கண்டவர்கள் சுழியோடிகளும் மீனவர்களும்தான். அன்று தீவு ஆளில்லாமல் கிடந்திருந்தால் யார் கண்டிருப்பார்கள்?

மூட வேண்டாம், முறைப்படுத்துங்கள். தீவின் ஒரு பக்கத்தைத் திறந்து மறு பக்கத்துக்கு ஓய்வு கொடுக்கலாம். அடுத்த பருவம் மாற்றலாம். மணல் தெரிகிற வாய்க்கால் வழியாகத்தான் நீருக்குள் இறங்க வேண்டும் என்று ஒரு கயிறு கட்டலாம். நங்கூரம் போடவே தேவையில்லாதபடி போதிய மிதவைகளைக் கட்டித் தரலாம். படகு ஏறுவதற்கு முன் கரையிலேயே ஐந்து நிமிடம் தமிழிலும் சிங்களத்திலும் ஆங்கிலத்திலும் விளக்கம் சொல்லலாம். டிக்கெட் பணத்தில் ஒரு பங்கு இந்த வேலைக்கென்று நிலாவெளிக்குத் திரும்பி வரட்டும். நாங்கள் சம்பளம் கேட்கவில்லை, சொல்லுக்கு ஒரு மதிப்புக் கேட்கிறோம்.

கொட்டியாரன் | செவ்வாய், காலை 6.20

மூதூர்ப் பக்கத்திலிருந்து எழுதுகிறேன். வயது எழுபதைத் தாண்டிவிட்டது.

தம்பிமார் இருவரும் காலையும் நங்கூரத்தையும் பற்றிப் பேசுகிறீர்கள். கடல் சூடாவதையும் சேர்த்துப் பேசுங்கள். நீரின் வெப்பம் வழக்கமான கோடை உச்சத்தைவிட ஒரு பாகை கூடிச் சில கிழமைகள் நின்றாலே போதும். முருகைக்குள் குடியிருந்து உணவூட்டும் நுண்பாசியை அது வெளியே தள்ளிவிடும், வெளிறிப்போகும். 1998 இல் தென்மேற்குக் கரையெல்லாம் வெளிறிச் செத்தபோது நம் திருகோணமலை பெரும்பாலும் தப்பியது. எப்போதும் அப்படித் தப்புவோம் என்று எழுதி வைக்கவில்லை. சூட்டை நிலாவெளியில் இருந்துகொண்டு நிறுத்த முடியாது. ஆனால் மிதிபட்டு, சேறு படிந்து, ஏற்கெனவே நொந்து கிடக்கும் முருகை சூடு தணிந்த பிறகும் எழும்பாது. நல்ல உடம்போடு இருப்பது எழும்பும். காய்ச்சலுக்கும் அதுதானே நியாயம்.

சேறு என்றேன். 335 கிலோமீற்றர் ஓடிவந்து மகாவலி எங்கள் கொட்டியாரக் குடாவில்தான் விழுகிறது. மலைநாட்டில் ஒரு சரிவில் மரத்தை வெட்டினால் அந்த மண் மாரியில் எங்கள் வலையில் வந்து ஒட்டும். புறாமலையைச் சுற்றிக் கோடு போட்டுவிட்டு ஆற்றை மறந்தால் அது பாதிப் பாதுகாப்புத்தான்.

ஒரு நல்ல செய்தியையும் சொல்லிவிடுகிறேன், நம்பிக்கை போய்விடக் கூடாது. எங்கள் குடாக் கரையில் உள்ள சம்பூரில் 500 மெகாவாட் நிலக்கரி அனல்மின் நிலையம் வரவிருந்தது. 2006 இல் இடம்பெயர்ந்து, 2015 இல் ஊர் திரும்பத் தொடங்கிய சனம், கூரை போட்ட கையோடு அதை எதிர்த்து நின்றது. கொதிநீர் குடாவில் விழுந்தால் மீன் என்னாகும், சாம்பல் எந்த வயலில் படியும் என்று கேட்டது. வழக்கும் போனது. அந்த இடத்தில் அதைக் கட்டப்போவதில்லை என்று 2016 செப்டெம்பரில் அரசு உயர் நீதிமன்றத்தில் சொன்னது. அந்தக் குடாவைக் காத்தது எல்லைக்கல் அல்ல, அங்கே குடியிருந்த சனம்.

கிண்ணியா ரீச்சர் | செவ்வாய், பிற்பகல் 3.40

ஐயா சொன்ன கடைசி வரிக்கு என்னிடம் ஓர் ஆதாரம் இருக்கிறது. அது என் தோல்வியிலிருந்து தொடங்குகிறது.

சுனாமிக்குப் பிறகு கரையோரம் முழுவதும், உப்புநீர்ச் சேற்றில் வளரும் கண்டல் மரங்களை நட்டார்கள், நினைவிருக்கிறதா? நாங்களும் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு உப்பாற்றுக் கரையில் இறங்கினோம். பென்சில் பருமனில் நீண்ட கண்டல் காய்களைக் கயிறு பிடித்தது போல வரிசை வரிசையாகச் சேற்றில் குத்தினோம். படம் எடுத்தார்கள், பதாகை கட்டினார்கள், குளிர்பானம் கொடுத்தார்கள். அடுத்த வருடம் போய்ப் பார்த்தால், வரிசைக்கு ஒன்றிரண்டு குச்சிகள் சிப்பி ஒட்டியபடி நின்றன. இலை இல்லை. பிள்ளைகள் என் முகத்தைப் பார்த்தார்கள்.

எங்களுக்கு மட்டும் நேர்ந்ததல்ல. நாடு முழுவதும் 23 இடங்களை ஆராய்ந்து 2017 இல் வெளிவந்த ஆய்வு ஒன்று, நட்ட ஆயிரம் முதல் ஆயிரத்து இருநூறு ஹெக்டேயரில் 200 முதல் 220 ஹெக்டேயர்தான் தேறியது என்கிறது. ஒன்பது இடங்களில் ஒரு செடிகூட மிஞ்சவில்லை. காரணங்களைப் படித்தபோது எங்கள் உப்பாற்றைப் பார்த்து எழுதியது போலவே இருந்தது. எப்போதும் நீர் மூடிக் கிடக்கும் பள்ளத்தில் நட்டது, மண்ணுக்குப் பொருந்தாமல் ஒரே வகைக் கண்டலை நட்டது, நட்ட பின் திரும்பிப் பார்க்காதது, மாடும் ஆடும் மேய்ந்தது.

பிறகு ஒரு நாள், இறால் கூடு வைக்கும் வயதான நானா ஒருவர் என்னை அழைத்துப் போய்க் காட்டினார். பாதை போடும்போது மூடிய ஒரு சிறு ஓடை. "ரீச்சர், இதிலே தண்ணீர் ஏறி இறங்கினால் கண்டல் தானாக வரும், நீங்கள் நட வேண்டாம்" என்றார். மண்ணை வெட்டிக் குழாய் வைக்க ஒன்றரை வருடம் அலைந்தோம். வைத்தோம். இரண்டாம் மாரிக்குப் பிறகு போனபோது நண்டுப் பொந்துகளுக்கு நடுவே, யாரும் நடாத கண்ணா என்ற கண்டல் வகைச் செடிகள் முழங்கால் உயரத்தில் நின்றன. கோணல் மாணலாக, வரிசையே இல்லாமல். ஒரு பிள்ளை உட்கார்ந்து எண்ணத் தொடங்கி, இருநூறைத் தாண்டியதும் விட்டுவிட்டது.

நீரின் வழி யாருக்குத் தெரிகிறதோ அவரை முதலில் கேட்க வேண்டும். நாங்கள் அவரைத்தான் கடைசியாகக் கேட்டோம்.

குச்சவெளி வயல் | செவ்வாய், இரவு 7.55

ரீச்சர், உங்கள் நானாவைப் போல ஒருவரை எங்கள் ஊரில் யாரும் கேட்கவில்லை. அதனால்தான் "பாதுகாப்பு" என்ற சொல்லைக் கேட்டாலே எங்கள் சனத்துக்கு வயிற்றைக் கலக்குகிறது.

எண்பதுகளின் நடுவில் ஊரைவிட்டு ஓடினோம். இருபத்தைந்து வருடத்துக்கு மேல் வயல் தரிசாகக் கிடந்தது. எங்கள் மண்ணில் மூன்று மாரி பெய்தால் சூரையும் ஈஞ்சும் மூடிவிடும். வானத்திலிருந்து பார்த்தால் அதுவும் பச்சை, காடும் பச்சை. திரும்பி வந்தபோது எங்கள் வயலுக்கு நடுவே எல்லைக்கல் நின்றது. இது ஒதுக்குக்காடு, உள்ளே கத்தி கொண்டுவரக் கூடாது என்றார்கள். கையிலிருந்த பெர்மிட் 1960களில் கொடுத்தது, செல்லரித்துப்போன பத்திரம். அதைக் கொண்டு அலுவலகம் அலுவலகமாக ஏறி இறங்கினேன்.

ஒரு நாள் அம்மாவையும் கூட்டிக்கொண்டு உள்ளே போனேன். பற்றைக்குள் நடக்கும்போது காலுக்குக் கீழே மண் மேடாக உயர்ந்து தாழ்ந்தது. அம்மா நின்றுவிட்டார். "இது நம் வரம்பு" என்றார். குனிந்து இலைச் சருகை விலக்கினார். நேராக, ஒரு முழ அகலத்தில், வரம்பு அப்படியே ஓடியது. இருபது பாகம் தள்ளிக் கிணறு. அதன் கட்டைப் பிளந்துகொண்டு ஆலம்வேர் இறங்கியிருந்தது. கிணற்றடியில் அம்மி.

காட்டுக்குள் அம்மி இருக்குமா, சொல்லுங்கள்?

காடு வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. எங்கள் குளத்துக்கு மேலே நிற்கும் பழங்காட்டில் என் பாட்டன் ஒரு பாலைமரத்தைக்கூடத் தொடவிடமாட்டார். அது போனால் குளத்துக்கு நீர் வராது என்று அவருக்குத் தெரியும். அந்தக் காட்டைக் காப்பாற்றுங்கள், காவலுக்கு நானே வருகிறேன். வயலைக் காடு என்று எழுதாதீர்கள்.

கோட்டைவாசல் | செவ்வாய், இரவு 9.30

இடையில் ஒரு சின்ன விடயம். நகரத்தில் நம் கண்முன்னே நடப்பதால் சொல்கிறேன்.

இன்று மாலை கோணேசர் கோவிலுக்குப் போகும்போது பிரெட்ரிக் கோட்டை வாசலுக்குள் ஒரு பெண்மான் சோற்றுப்பொதி சுற்றிய பொலித்தீன் தாளை மென்றுகொண்டு நின்றது. இழுத்தெடுக்கப் பார்த்தேன். விடவில்லை, விழுங்கிவிட்டது. கறி வாசனைக்குத்தான் தின்கின்றன. அவை ஆடுமாடுபோல அசைபோடும் பிராணிகள், தாள் இரைப்பையில் பந்தாகச் சுருண்டுவிடும். நம் ஊரின் அழகு என்று புள்ளிமானைப் பயணிகளுக்குக் காட்டுகிறோம். நாளை முதல் கோவிலுக்கு வருகிறவர்கள் சோற்றுப்பொதியை வாழையிலையில் கொண்டுவாருங்கள். இல்லையென்றால் தாளை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு வீட்டுக்குப் போங்கள். இதற்கு எந்தச் சட்டமும் வேண்டாம்.

நிலாவெளி நெய்தல் | புதன், மாலை 5.10

வயல் அண்ணா, அம்மியைப் பற்றி நீங்கள் எழுதியதை என் மனைவிக்கு வாசித்துக் காட்டினேன். இருவருக்கும் பேச்சு வரவில்லை.

ஆனாலும் மனதில் உள்ளதைக் கேட்காமல் இருக்க முடியவில்லை. காணி திரும்பக் கிடைத்த இடங்களில் எல்லாம் வயல்தானா செய்தார்கள்? கடற்கரைக் காணிகளை விடுதிக்காரருக்கு விற்றவர்களை எனக்குத் தெரியும். மணல் அகழ விட்டவர்களையும் தெரியும். 2001 இல் ஒரு சுற்றறிக்கை வந்தது. அதன்படி ஒதுக்குக்காடாக அறிவிக்கப்படாத மற்ற அரச காடுகளும் வனத் திணைக்களத்தின் பொறுப்பில் இருந்தன. 2020 இல் அதை நீக்கி, மாவட்ட, பிரதேச செயலாளர்களிடம் ஒப்படைத்தார்கள். ஏழை விவசாயிக்குச் சேனைக் காணி கொடுக்கத்தான் என்றார்கள். இப்படித் திறந்துவிட்ட கதவால் பக்கோ இயந்திரம்தானே முதலில் நுழையும் என்று நான் பயப்படுகிறேன். உங்களைப் போன்ற ஒருவரின் நியாயத்தை முன்னே நிறுத்தி, பின்னால் வேறு யாரோ காட்டை விழுங்கிவிடக் கூடாதே.

குச்சவெளி வயல் | புதன், இரவு 8.20

கேட்டது நல்லது. மறைக்க எனக்கு ஒன்றுமில்லை. எங்கள் ஊரிலும் விற்றவர்கள் இருக்கிறார்கள். என் ஒன்றுவிட்ட தம்பி ஒருவன் விற்றான். அவனுக்கும் எனக்கும் இன்றைக்கும் பேச்சில்லை.

ஆனால் விற்றவன் ஏன் விற்றான்? பாதிக் காணி கல்லுக்குள், மீதிக்கு வழியில்லை, குளம் உடைந்து கிடக்கிறது, வங்கி கடன் தராது. உறுதியான காணியும் நீரும் இருந்தவன் ஒருவனும் விற்கவில்லை. கதவைத் திறப்பதும் மூடுவதும் அல்ல என் பேச்சு. சுற்றறிக்கையால் மூடினாலும், சுற்றறிக்கையால் திறந்தாலும், இரண்டையும் மேசையில் இருந்துதான் செய்தார்கள். ஒருவரும் நடந்து பார்க்கவில்லை. நடந்தால் தெரியும். எது என் வரம்பு, எது பாட்டன் தொடாத காடு, எது யானை வரும் வழி என்று மண்ணே காட்டும்.

ஒரு வேறுபாட்டை நம் சனம் அறிந்து வைத்திருக்க வேண்டும். 1937 ஆம் ஆண்டின் வனவிலங்கு, தாவரப் பாதுகாப்புக் கட்டளைச் சட்டத்தின்படி தேசிய பூங்கா போன்ற ஒதுக்கிடங்களை அரச காணியில்தான் பிரகடனம் செய்யலாம். சரணாலயத்துக்குள் தனியார் காணியும் இருக்கலாம், குடியிருக்கலாம், பயிர் செய்யலாம். எல்லைக்கல்லைக் கண்டதும் எல்லாம் போய்விட்டது என்று ஓட வேண்டாம். எந்த வகை என்று வர்த்தமானியைக் கேட்டுப் பாருங்கள். இது தெரியாமல் இரண்டு வருடம் வீணாக அலைந்தேன்.

கொட்டியாரன் | புதன், இரவு 9.05

தம்பி சொன்னது மெத்தச் சரி. 1963 இல் நம் துறைமுகத்தைச் சூழ்ந்த பகுதியும் 18,000 ஹெக்டேயருக்கு மேல் சரணாலயமானது. நகரத்தில் பத்துப் பேரை நிறுத்திக் கேளுங்கள், ஒருவருக்கும் தெரியாது. தெரியாத ஒன்றை யார் காப்பது?

கந்தளாய் வாய்க்கால் | வியாழன், காலை 7.45

யானை வழி என்று ஒரு சொல் வந்ததால் நானும் எழுதுகிறேன். கந்தளாய்ப் பக்கம் எங்களுக்கு அது நித்தியப் பிரச்சினை.

2011 கணக்கெடுப்பில் நாட்டில் 5,879 யானைகள். அவை எல்லாம் பூங்காக்களுக்குள் அடங்கி இருக்கின்றன என்று நினைத்துத்தான் மின்வேலி போட்டார்கள். பல வேலிகள் ஒரு திணைக்களத்தின் காடு முடிந்து இன்னொரு திணைக்களத்தின் காடு தொடங்குகிற கோட்டில் போனவை. வேலிக்கு அந்தப் பக்கமும் யானை, இந்தப் பக்கமும் யானை. யானைக்குத் திணைக்களம் தெரியுமா? மரத்தை முறித்துக் கம்பி மேல் போட்டுவிட்டுக் கடந்துவிடும். அதற்கு அது பழைய பாதை.

இப்போது சில ஊர்களில் வேறு மாதிரிச் செய்கிறார்கள். வேலியைக் காட்டைச் சுற்றிப் போடாமல் வயலைச் சுற்றிப் போடுகிறார்கள். விதைத்ததும் கட்டி, அறுவடை முடிந்ததும் கழற்றிவிடுவார்கள். பிறகு யானை வந்து ஒட்டுத்தாளைத் தின்றுவிட்டுப் போகும். கட்டுவதும் கழற்றுவதும் விவசாயிகளின் பொறுப்பு. கம்பி அறுந்தால் அன்றிரவே போய் முடிகிறார்கள், தங்கள் நெல் அல்லவா. காட்டு நடுவே பத்து மைல் தள்ளி அறுந்த கம்பியை யார் போய்ப் பார்ப்பார்கள்?

படகுக்காரன் மகன் | வியாழன், இரவு 8.30

நெய்தல் அண்ணா, வேலியைப் பற்றி அவர் எழுதியதைப் படித்தபோது, நான் திங்கட்கிழமை சொல்ல வந்ததும் இதுதான் என்று புரிந்தது. முருகைக்கு வேலி நாங்கள்தான்.

இன்று எங்கள் ஆட்கள் பதினொரு பேர் கரையில் கூடிப் பேசினோம். நாளையிலிருந்து எங்கள் படகுகளில் ஏறுகிறவர்களுக்கு ஏறும் முன்பே சொல்லப்போகிறோம். நீருக்குள் நிற்க வேண்டுமென்றால் வெள்ளையாக மணல் தெரிகிற இடத்தில் மட்டும் நில்லுங்கள், களைத்தால் மல்லாந்து மிதவுங்கள், கையைத் தூக்கினால் நாங்கள் வருகிறோம் என்று. நீந்தத் தெரியாதவர்களை முருகை அடர்ந்த பக்கம் இறக்கமாட்டோம். ஓய்வுப் பக்கம், மிதவை, கயிறு பற்றிக் கடிதம் எழுதியிருக்கிறோம். கடிதத்தை ஒருமுறை திருத்தித் தருவீர்களா? எங்களுக்கு எழுதிப் பழக்கமில்லை.

நிலாவெளி நெய்தல் | வியாழன், இரவு 9.15

தருகிறேன், தம்பி. மூட வேண்டும் என்று எழுதியதைத் திரும்பப் பெறுகிறேன். கரையில் சொல்கிற விளக்கத்தில் ஒரு வரியைச் சேர்த்துக்கொள்ளுங்கள், என் மகள் எழுதித் தந்தது: "இது கல் இல்லை, உயிர் உள்ளது. தயவுசெய்து மேலே நிற்காதீர்கள்." பெரிய எழுத்தில் மூன்று மொழியிலும் பலகை எழுதித் தர அவளும் வகுப்புப் பிள்ளைகளும் ஆயத்தம்.

கிண்ணியா ரீச்சர் | வியாழன், இரவு 9.40

குச்சவெளித் தம்பி, உங்கள் அம்மாவுக்கு வயலின் பெயர்கள், குளத்தின் பழைய எல்லை, யானை வழி எல்லாம் நினைவிருக்கிறதா? எங்கள் உயர்தரப் பிள்ளைகளுக்குக் கைபேசியில் இடத்தைக் குறித்து வரைபடம் போடத் தெரியும். நாங்கள் வந்து அவர் பின்னால் நடந்து ஒவ்வொன்றாகக் குறித்துத் தருகிறோம். கிணறு, வரம்பு, அம்மி எல்லாவற்றையும் படத்தோடு. பழங்காட்டையும் அதே வரைபடத்தில் தனி நிறத்தில் போடுவோம். விண்ணப்பத்தோடு இரண்டும் சேர்ந்து போகட்டும். காணி கேட்கிற கையாலேயே காட்டுக்கும் கோடு போட்டுக் கொடுத்தால், உங்களைக் காடழிப்பவர் என்று யாரும் சொல்ல முடியாது.

குச்சவெளி வயல் | வெள்ளி, காலை 5.50

ரீச்சர், இரவே அம்மாவிடம் சொன்னேன். எழுபத்தெட்டு வயது, முழங்கால் வலி. இருந்தும் படுக்கையில் எழுந்து உட்கார்ந்து வயல்களின் பெயரை வாய்க்கால் வரிசையில் சொல்லத் தொடங்கிவிட்டார். ஆலடி, பனிச்சையடி, நெடுந்துண்டு, கொக்குத்தாவு. கொக்குத்தாவுக்கு அப்பால் பாட்டன் உழவே இல்லையாம், அது யானை இறங்கும் துறை என்று விட்டுவிட்டாராம். அதை நானும் நேற்றுத்தான் அறிந்தேன்.

ஞாயிறு காலை ஆறரைக்கு வாருங்கள், வெயில் ஏறுமுன் நடந்துவிடலாம். குளக்கட்டில் நிற்கும் பெரிய மருதமரத்தடியில் காத்திருப்போம். நேரே உள்ளே போகிறவர்களாக வர வேண்டாம், கிராம சேவையாளரிடம் நான் இன்றே சொல்லிவைக்கிறேன், முடிந்தால் அவரும் வருவார். பிள்ளைகளுக்குத் தடித்த செருப்புப் போட்டு வரச் சொல்லுங்கள், சூரைமுள் பொல்லாதது. தண்ணீரும் காலைச் சாப்பாடும் எங்கள் வீட்டில்.

கந்தளாய்த் தம்பியும் வர முடிந்தால் நல்லது. கொக்குத்தாவில் யானைத் தடம் கண்டால் அது பழையதா புதியதா என்று சொல்ல ஒருவர் வேண்டும்.